பிடரி மட்டும் தெரிந்த மனிதர்: குந்தர் கௌஸ்

கொள்ளிடக்கரை எழுதியது:

யூத அரசியல் சிந்தனையாளர் ஹன்னா ஆரென்ட் 1964-இல் மேற்கு ஜெர்மன் தொலைக்காட்சிக்குக் கொடுத்த பேட்டியை இங்கே பலர் யூடியூபில் பார்த்திருப்பீர்கள். கறுப்பு வெள்ளை. ஒரு மணி நேரத்துக்கும் மேல் ஓடுகிறது. பின்னால் இருட்டு, முன்னால் அந்த அம்மையாரின் முகம், விரலிடுக்கில் சிகரெட். நான் மூன்று முறை பார்த்துவிட்டேன். மூன்றாவது முறைதான் தோன்றியது: எதிரில் உட்கார்ந்து கேட்கிறவர் யார்? அவருடைய பிடரியும் தோளும்தான் அவ்வப்போது தெரிகின்றன. கேமரா அவரைச் சட்டை செய்யாமல் ஆரென்ட்டின் முகத்திலேயே நிற்கிறது.

அவர் பெயர் குந்தர் கௌஸ். 1929 நவம்பரில் பிரவுன்ஷ்வைக் நகரில் பிறந்தவர். அந்த ஊரின் பழைய நகரப்பகுதி 1944 அக்டோபரில் ஒரே இரவுக் குண்டுவீச்சில் எரிந்துபோனபோது அவருக்குப் பதினைந்து வயது நிரம்பவில்லை. போருக்குப் பின் மூனிக்கில் படிப்பு, பத்திரிகைப் பயிற்சி, அப்புறம் செய்தித்தாள் வேலை. ‘டெர் ஷ்பீகல்’ வார இதழில் சில ஆண்டுகள், அங்கிருந்து மூனிக்கின் பெரிய நாளிதழான ‘ஸூட்டாய்ச்ச ட்ஸைட்டுங்’கில் அரசியல் பகுதி. 1963 ஏப்ரலில் மேற்கு ஜெர்மனியின் இரண்டாவது தேசியத் தொலைக்காட்சியான இசட்.டி.எஃப். ஒளிபரப்பைத் தொடங்கியது. அதே மாதத்தில், முப்பத்து மூன்று வயதில், கௌஸ் ‘ட்ஸூர் பெர்ஸோன்’ என்ற தொடரை ஆரம்பித்தார். ‘ஆளைப் பற்றி’ என்று சொல்லலாம். நீதிமன்றத்தில் ஒருவரை நிறுத்தியதும் முதலில் பெயர், வயது, தொழில் கேட்பார்களே, அந்தக் கட்டத்துக்கும் ஜெர்மனில் இதே சொல்தான் வழங்குகிறது.

முதல் விருந்தினர் லுட்விக் எர்ஹார்ட். அந்த ஆண்டு அக்டோபரில் அவர் சான்சலர், அதாவது நாட்டின் ஆட்சித் தலைவர், ஆனார். பிறகு நாஜி காலத்திலும் மேடையில் புகழோடு இருந்த நடிகர் குஸ்டாஃப் க்ருண்ட்கென்ஸ், அரசியல் தலைவர்கள் ஹெர்பர்ட் வேனர், வில்லி பிராண்ட், ஃபிரான்ஸ் யோசஃப் ஷ்ட்ராவுஸ், சான்சலர் பதவியிலிருந்து இறங்கிய கொன்ராட் ஆடெனாவர் என்று ஒரு நாட்டின் முகங்கள் வரிசையாக வந்து அந்த இருட்டில் உட்கார்ந்தன. போர் முடிந்து பதினெட்டு ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. அந்த நாற்காலியில் உட்கார்ந்த ஒவ்வொருவரிடமும் ‘ஹிட்லர் ஆண்ட அந்தப் பன்னிரண்டு ஆண்டுகளில் நீங்கள் எங்கே இருந்தீர்கள்’ என்று கேட்டாக வேண்டிய காலம்.

நான் ஒரு சிறுபத்திரிகைக்காகப் பல ஆண்டுகளாகப் பேட்டி எடுக்கிறேன். நெசவாளர்கள், கூத்துக் கலைஞர்கள், பழைய தொழிற்சங்கத்தார். ஒருமுறை ஒரு முதிய நெசவாளரிடம் பேசிவிட்டு வந்து ஒலிப்பதிவை எழுத்தில் இறக்கும்போது ஒரு இடத்தில் கை நின்றுவிட்டது. வேலைநிறுத்தத்தின்போது செத்துப்போன கைக்குழந்தையைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தவர், “அன்னிக்கு ராத்திரி…” என்று இழுத்து நிறுத்துகிறார். இரண்டு விநாடிகூட இல்லை, நான் அடுத்த கேள்விக்குப் போய்விட்டேன். அவரும் அதற்குப் பதில் சொல்ல ஆரம்பித்துவிட்டார். அவர் காலமாகி நாலு வருஷம் ஆகிறது. அன்று ராத்திரி என்ன நடந்தது என்று இனி யாரும் சொல்லப்போவதில்லை. கௌஸின் பிடரியைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்த ஒலிப்பதிவு ஞாபகம் வருகிறது. அவரைப் பற்றித் தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

செவ்வந்தி எழுதியது:

நானும் அந்தப் பேட்டியைப் பார்த்தேன் அண்ணா, ஆங்கில எழுத்து ஓடுகிற பதிப்பில். இதழியல் இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். எங்கள் வகுப்பில் ‘கறாராகக் கேள்வி கேட்பது’ என்றால் குறுக்கே புகுந்து மடக்குவது என்றுதான் எல்லோருக்கும் மனதில் பதிந்திருக்கிறது. கௌஸ் ரொம்ப மரியாதையாகப் பேசுகிறார், ஒவ்வொரு கேள்வியும் நீளமாக இருக்கிறது. ஆனாலும் ஆரென்ட் எதையும் மறைத்ததாகத் தெரியவில்லை. அது எப்படி? அவர் பேச விரும்பியதால் பேசினாரா, இவர் கேட்ட விதத்தால் பேசினாரா?

கொள்ளிடக்கரை எழுதியது:

இரண்டும்தான் என்று நினைக்கிறேன் செவ்வந்தி. ஆனால் அவர் கேட்ட விதத்தைக் கொஞ்சம் பிரித்துப் பார்க்கலாம்.

தொடக்கத்தையே எடுத்துக்கொள். ‘இந்தத் தொடரில் வருகிற முதல் பெண் நீங்கள். அதுவும் ஆண்களுக்குரியது என்று கருதப்படும் தத்துவத் தொழிலில் இருப்பவர்’ என்கிற மாதிரி ஆரம்பிக்கிறார். ஆரென்ட் உடனே மறுக்கிறார். நான் தத்துவவாதி இல்லை, என் துறை அரசியல் கோட்பாடு என்கிறார். நம் ஊர்ப் பேட்டியாளராக இருந்தால் ‘சரி, சரி’ என்று நகர்ந்திருப்பார், இல்லாவிட்டால் தன் வார்த்தையைக் காப்பாற்றப் போராடியிருப்பார். கௌஸ் அந்த மறுப்பையே பிடித்துக்கொண்டு, இரண்டுக்கும் என்ன வித்தியாசம் என்று கேட்கிறார். அவருடைய முதல் கேள்வி தப்பாகப் போனதுதான் அந்தப் பேட்டிக்கு வாசலைத் திறந்துவிடுகிறது. கொஞ்ச நேரத்தில் அந்த அம்மையார், உலகத்தில் தாக்கம் செலுத்துவது பற்றி எனக்குக் கவலை இல்லை, நான் புரிந்துகொள்ள வேண்டும், அவ்வளவுதான் என்கிறார். இன்றைக்கு ஊரெல்லாம் மேற்கோள் காட்டுகிற வரி அது.

அடுத்து, பெரிய விஷயத்துக்குச் சின்ன விஷயம் வழியாகப் போவது. யூத வெறுப்பைப் பற்றிக் கருத்து கேட்காமல் குழந்தைப் பருவத்தைப் பற்றிக் கேட்கிறார். கோனிக்ஸ்பெர்க் பள்ளி நாட்கள் வருகின்றன. வகுப்பில் ஆசிரியர் யாராவது யூதர்களைப் பற்றித் தப்பாகப் பேசினால் உடனே எழுந்து வீட்டுக்கு வந்துவிட வேண்டும் என்பது அம்மாவின் கட்டளை. அம்மா பள்ளிக்குப் பதிவுத்தபாலில் கடிதம் எழுதுவார். அன்றைக்கு மகளுக்குப் பள்ளிக்கூடம் கிடையாது. ஆனால் கூடப் படிக்கிற பிள்ளைகள் சொன்னால் அதை வீட்டில் வந்து முறையிடக் கூடாது, தானே பார்த்துக்கொள்ள வேண்டும். ஒருவர் யூதராகத் தாக்கப்பட்டால் யூதராகவே தற்காத்துக்கொள்ள வேண்டும் என்ற அவருடைய அரசியல் எங்கே விளைந்தது என்பது அந்தப் பதிவுத்தபாலில் தெரிகிறது.

ஹிட்லர் ஆட்சிக்கு வந்த 1933 பற்றிச் சொல்லும் இடத்தை நான் திரும்பத் திரும்ப ஓடவிட்டிருக்கிறேன். எதிரிகள் செய்ததைவிட நண்பர்கள் செய்ததுதான் தன்னை உடைத்தது என்கிறார். அப்புறம் நாஜிகளின் கொலை முகாமான அவுஷ்விட்ஸ் பற்றிய செய்தி வந்த 1943. முதலில் நம்பவில்லை, பிறகு ஆதாரங்கள் வந்தபோது பாதாளம் வாய் திறந்ததுபோல இருந்தது, இது நடந்திருக்கவே கூடாது என்கிறார். அந்த இடங்களில் எல்லாம் கௌஸ் குறுக்கே வருவதில்லை. வாக்கியம் தானாக முடியும்வரை பொறுக்கிறார். சிகரெட் இழுக்கும் நேரத்தைக்கூட அவர் கேள்வியால் நிரப்பவில்லை. ஹிட்லர் காலத்துக்கு முந்தைய ஐரோப்பாவில் உங்களுக்கு இன்னும் என்ன மிஞ்சியிருக்கிறது என்று கேட்கும்போதுதான் ‘மிஞ்சியது மொழி’ என்ற பதில் வருகிறது. கிறுக்குப் பிடித்தது ஜெர்மன் மொழிக்கு இல்லையே என்கிறார். அந்தப் பேட்டிக்கு அடுத்த ஆண்டு ஜெர்மனியின் பெரிய தொலைக்காட்சி விருதான கிரிம்மெ பரிசு கிடைத்தது.

பழையபேப்பர் எழுதியது:

கொள்ளிடக்கரை, பேட்டியாளராக அவரைப் பற்றி நீங்கள் சொல்வதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. முப்பது வருஷம் செய்தி மேசையில் உட்கார்ந்திருந்தவன் என்ற முறையில் அவருடைய அடுத்த பாதியைப் பற்றி நான் பேச வேண்டும்.

1969-இல் கௌஸ் ‘ஷ்பீகல்’ இதழின் தலைமை ஆசிரியர் ஆகிறார். அதே ஆண்டு வில்லி பிராண்ட் சான்சலர் ஆகிறார். கம்யூனிஸ்ட் கட்சி ஆண்ட கிழக்கு ஜெர்மனியோடும் போலந்தோடும் சோவியத் யூனியனோடும் உறவைச் சீர்செய்யும் பிராண்டின் கொள்கையை ‘ஷ்பீகல்’ முழு மூச்சோடு ஆதரித்தது. 1972 ஏப்ரலில் பிராண்டைக் கவிழ்க்க நாடாளுமன்றத்தில் வந்த தீர்மானம் இரண்டே வாக்குகளில் தோற்றது. அந்த ஆண்டு டிசம்பரில் இரண்டு ஜெர்மனிகளும் அடிப்படை ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டன. அந்த ஒப்பந்தத்தின்படி கிழக்கு பெர்லினில் மேற்கு ஜெர்மனி ஒரு நிரந்தரப் பிரதிநிதி அலுவலகம் திறக்க வேண்டும். அதற்கு முதல் தலைவராக யாரை அனுப்பினார்கள்? அந்தக் கொள்கையை ஆதரித்து வாராவாரம் பத்திரிகை நடத்திய அதே கௌஸை. 1974-லிருந்து 1981 வரை அந்தப் பதவி. அப்புறம் மேற்கு பெர்லின் அரசில் சில மாதங்கள் அறிவியல் துறைப் பொறுப்பு.

இது சட்டப்படி தப்பு என்று நான் சொல்லவில்லை. ஆனால் வாசகனுக்கு ஒரு கேள்வி எழும். நேற்றுவரை நான் படித்த தலையங்கம் பத்திரிகைக்காரர் எழுதியதா, நாளைய தூதர் எழுதியதா? அந்தச் சந்தேகம் ஒருமுறை விழுந்துவிட்டால் பழைய இதழ்களையும் அது பின்னோக்கித் தின்னும். என்னோடு வேலை பார்த்த நல்ல நிருபர் ஒருவர் தேர்தல் முடிந்ததும் ஒரு அமைச்சரின் செய்திப் பிரிவுக்குப் போனார். திறமையானவர், பணத்துக்காகப் போகவில்லை. ஆனாலும் அவர் முன்பு எழுதியதை எல்லாம் நான் திரும்ப எடுத்துப் படித்தேன். ஒவ்வொரு வரியையும் வேறு கண்ணோடு படித்தேன். அந்த வலி எனக்குத் தெரியும்.

இன்னொன்று. அவர் பதவியில் இருந்த காலத்தில்தான் 1975 டிசம்பரில் ‘ஷ்பீகல்’ நிருபரைக் கிழக்கு ஜெர்மனி வெளியேற்றியது. 1976 டிசம்பரில் மேற்கு ஜெர்மனியின் ஏ.ஆர்.டி. தொலைக்காட்சி நிருபர் லோதர் லோவையை வெளியேற்றியது. 1978 ஜனவரியில் ‘ஷ்பீகல்’ அலுவலகத்தையே மூடியது. தான் ஆசிரியராக இருந்த பத்திரிகையின் அலுவலகம் பூட்டப்படுகிறது, இவர் அதே ஊரில் அரசுப் பிரதிநிதி. அந்த நாளில் அவர் மனதில் எந்தப் பாதி பேசியிருக்கும்?

டோர்ட்முண்ட்வாசி எழுதியது:

பழையபேப்பர் ஐயா, உங்கள் கேள்வி நியாயமானது. ஆனால் அந்த அலுவலகம் என்ன செய்தது என்பதை இங்கிருந்து பார்க்கிறவனாகக் கொஞ்சம் சொல்ல வேண்டும். நான் பிறந்து வளர்ந்தது டோர்ட்முண்டில். அப்பா யாழ்ப்பாணத்திலிருந்து வந்தவர்.

முதலில் அந்தப் பெயர். அது ஏன் ‘தூதரகம்’ இல்லை, ‘நிரந்தரப் பிரதிநிதி அலுவலகம்’? கிழக்கு ஜெர்மனியை வெளிநாடு என்று ஏற்றுக்கொள்ள மேற்கு ஜெர்மனி கடைசிவரை மறுத்தது. அதனால் கௌஸ் வெளியுறவுத் துறையின் கீழ் இல்லை, நேராகச் சான்சலர் அலுவலகத்தின் கீழ் இருந்தார். ஹனோவர்ஷ ஷ்ட்ராஸ தெருவில் இருந்த அலுவலகம் 1974 மே 2-ஆம் தேதி வேலையைத் தொடங்கியது. அதற்குச் சில நாள் முன்புதான் பிராண்டின் பக்கத்திலேயே இருந்த கியோம் என்ற உதவியாளர் கிழக்கு ஜெர்மன் உளவாளி என்று பிடிபட்டார். மே 6-ஆம் தேதி பிராண்ட் பதவி விலகிவிட்டார். தன்னை அனுப்பிய தலைவர், தான் போய்ச் சேர்ந்த அரசின் உளவாளியால் வீழ்ந்த அதே வாரத்தில் கௌஸ் அங்கே வேலையை ஆரம்பிக்கிறார். சொகுசுப் பதவி என்று அதைச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

அங்கே அவர் பேசி முடித்தவற்றில் மிகப் பெரியது 1978 நவம்பர் உடன்பாடு. ஹம்பர்க்கிலிருந்து பெர்லினுக்குக் கிழக்கு ஜெர்மன் மண்ணின் வழியே நெடுஞ்சாலை. செலவின் பெரும்பகுதி, 120 கோடி மார்க், மேற்கு ஜெர்மனி கொடுத்தது. 1982-இல் திறந்தார்கள். இன்றைக்கு நான் பெர்லினிலிருந்து ஹம்பர்க் போனால் அந்த 24-ஆம் எண் சாலையில்தான் போகிறேன். எல்லையும் இல்லை, சோதனைச் சாவடியும் இல்லை. அதில் ஓடுகிற எத்தனை பேருக்கு அது ஒரு பத்திரிகைக்காரர் வருஷக்கணக்கில் உட்கார்ந்து பேரம் பேசிய சாலை என்று தெரியும்?

அப்புறம் எங்கள் வீட்டுக் கதை. அப்பா 1985 தொடக்கத்தில் வந்தவர். அந்தக் காலத்தில் எங்கள் ஆட்கள் நிறையப் பேர் வந்த பாதை அது: விமானத்தில் கிழக்கு பெர்லினின் ஷோனஃபெல்ட், அங்கிருந்து ஃபிரீட்ரிக் ஷ்ட்ராஸ ரயில் நிலையம், அங்கிருந்து நகர ரயிலில் ஏறினால் மேற்கு பெர்லின். கிழக்கு ஜெர்மன் காவலர்கள் போகவிட்டார்கள். மேற்குப் பக்கத்தில் கடவுச்சீட்டு பார்க்கவே ஆள் இல்லை. ஏன் இல்லை? பெர்லினைப் பிரிக்கும் கோட்டினை நாட்டு எல்லையாக மேற்கு ஏற்கவில்லை. எல்லை என்று ஒப்புக்கொண்டால்தானே அங்கே குடிவரவு அதிகாரியை நிறுத்த முடியும்! கௌஸின் அலுவலகத்துக்குத் தூதரகம் என்று பெயர் வைக்கவிடாத அதே நிலைப்பாடுதான் என் அப்பாவை உள்ளே விட்டது. 1985 நடுவில் அந்தப் பாதையைத் தமிழருக்கு அடைக்கத் தொடங்கினார்கள். அப்பா ஆறு மாதம் பிந்தியிருந்தால் நான் இந்தப் பதிவை எழுதிக்கொண்டிருக்க மாட்டேன். கௌஸ் அதற்கு நாலு வருஷம் முன்பே அந்தப் பதவியை விட்டுப் போய்விட்டார். எங்கள் கதையோடு அவருக்கு நேர்த் தொடர்பு இல்லை. ஆனால் அவர் ஏழு வருஷம் வேலை பார்த்த அந்த விசித்திரமான கோட்டின் மேல்தான் எங்கள் குடும்பமும் நடந்து வந்தது.

பழையபேப்பர் எழுதியது:

டோர்ட்முண்ட்வாசி தம்பி, இதை எழுதியதற்கு நன்றி. தூதரகம் என்ற பெயர் விஷயத்தையும் உங்கள் அப்பாவின் ரயிலையும் இப்படிச் சேர்த்து நான் எங்கேயும் படித்ததில்லை. சாலை விஷயத்தில் நான் ஒப்புக்கொள்கிறேன், மனிதர்களுக்கு நல்லது நடந்திருக்கிறது.

ஆனாலும் 1983-இல் அவர் எழுதிய நூலைப் பற்றி ஒரு குறை எனக்கு உண்டு. ‘ஜெர்மனி எங்கே இருக்கிறது’ என்ற பொருள் வரும் தலைப்பு. அதில்தான் கிழக்கு ஜெர்மனியை ‘மாடக்குழிச் சமூகம்’ என்று வர்ணித்தார். மக்கள் வெளியே கட்சி கேட்கிறபடி தலையாட்டிவிட்டு, வீட்டுத் தோட்டத்திலும் குடும்பத்திலும் நண்பர் வட்டத்திலும் தங்களுக்கென்று ஒரு மாடக்குழி அமைத்து அதில் வாழ்கிறார்கள் என்ற கருத்து. கூர்மையான கவனிப்புதான், இன்றைக்கும் ஆய்வாளர்கள் அந்தச் சொல்லைப் பயன்படுத்துகிறார்கள். ஆனால் படிக்கும்போது அந்த மாடக்குழியில் கொஞ்சம் கதகதப்பு அதிகமாகவே தெரிகிறது. பாவுட்ஸன் சிறையில் கிடந்தவனுக்கு மாடக்குழி கிடையாது. 1976-இல் பாட்டுப் பாடியதற்காகக் குடியுரிமை பறிக்கப்பட்ட வோல்ஃப் பியர்மானுக்கும் கிடையாது.

டோர்ட்முண்ட்வாசி எழுதியது:

அந்தக் குறையை இங்கேயும் பலர் சொல்வார்கள் ஐயா. ஆனால் கிழக்கில் வளர்ந்த என் சக ஊழியர் ஒருவர் வேறு மாதிரிச் சொன்னார். ‘மேற்கிலிருந்து வந்தவர்களில் எங்களைப் பரிதாபத்துக்குரிய கூட்டமாகவோ உளவாளிக் கூட்டமாகவோ பார்க்காமல், சாப்பிட்டு உறங்கிப் பிள்ளை வளர்த்த ஜனங்களாகப் பார்த்தவர் அவர்’ என்றார். எனக்கு இரண்டும் உண்மையாகப் படுகிறது.

செவ்வந்தி எழுதியது:

நேற்று ராத்திரி ரூடி டுட்ச்கே பேட்டியைத் தேடிப் பார்த்தேன். 1967 டிசம்பர் 3-ஆம் தேதி ஒளிபரப்பானது. அப்போது கௌஸ் பாடன்-பாடனில் உள்ள தென்மேற்கு ஒலிபரப்பு நிறுவனத்தில் நிகழ்ச்சி இயக்குநர். டுட்ச்கே மாணவர் இயக்கத் தலைவர், இருபத்தேழு வயது. கோட்டு டையோடு பெரிய மனிதர்கள் உட்கார்ந்த இடத்தில் பட்டை போட்ட ஸ்வெட்டரோடு உட்கார்ந்திருக்கிறார்.

எனக்கு ஆச்சரியம் என்னவென்றால், அன்றைக்குப் பத்திரிகைகள் டுட்ச்கேயை நாட்டுக்கே ஆபத்து என்று எழுதிக்கொண்டிருந்தன. கௌஸுக்கும் அவருடைய அரசியலில் உடன்பாடு இல்லை என்பது கேள்வியிலேயே தெரிகிறது. ஆனால் எர்ஹார்டுக்குக் கொடுத்த அதே மரியாதையை, அதே நீளமான வாக்கியங்களை, அதே நேரத்தை இவருக்கும் கொடுக்கிறார். தேவைப்பட்டால் ஆயுதம் ஏந்திப் போராடுவீர்களா என்று நேராகவே கேட்கிறார். லத்தீன் அமெரிக்காவில் இருந்தால் ஆயுதத்தோடு போராடுவேன், நான் இருப்பது அங்கே இல்லை, இங்கே, ஆயுதம் எடுக்க வேண்டிய நிலை வராமல் இருக்கத்தான் போராடுகிறோம், ஆனால் அது எங்கள் கையில் மட்டும் இல்லை என்கிற பொருளில் டுட்ச்கே பதில் சொல்கிறார். இதில் முதல் துண்டை மட்டும் வெட்டி எடுத்தால் ஒரு ஆள், முழுதாகக் கேட்டால் வேறு ஆள். கௌஸ் முழுதாகக் கேட்க வைத்தார்.

நாலு மாதம் கழித்து, 1968 ஏப்ரல் 11-ஆம் தேதி, பெர்லினில் ஒரு இளைஞன் டுட்ச்கேயைத் தலையில் சுட்டான். பிழைத்தவர் பேசுவதற்கே திரும்பப் பழக வேண்டியிருந்தது. அந்தக் காயத்தின் பின்விளைவால் 1979-இல் இறந்தார். அந்தப் பேட்டியில் அவர் தங்குதடையில்லாமல், மூச்சுவிடாமல் பேசுவதைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். குண்டுபடுவதற்கு முன் அவருடைய குரலை அத்தனை நீளமாகப் பிடித்து வைத்திருக்கிற ஒளிநாடா அது. படுத்த பிறகும் தூக்கம் வரவில்லை.

நுண்ணலை எழுதியது:

இவ்வளவு நாளும் படித்துக்கொண்டு மட்டும் இருந்தேன். ஒரு விஷயம் விட்டுப்போகிறது, சொல்லிவிடுகிறேன்.

‘பிந்திப் பிறந்த அருள்’ என்று ஒரு ஜெர்மன் சொற்றொடர் உண்டு. 1984 ஜனவரியில் அப்போதைய மேற்கு ஜெர்மன் சான்சலர் ஹெல்முட் கோல் இஸ்ரேல் நாடாளுமன்றத்தில் பேசும்போது அதைச் சொன்னார். நான் பிந்திப் பிறந்தவன், அந்த அருளால் நாஜி காலத்துக் குற்றத்தில் விழ வாய்ப்பே இல்லாமல் போனது என்ற பொருளில். பெரிய கண்டனம் கிளம்பியது. ஜெர்மனி தன் கணக்கை முடித்துக்கொள்ளப் பார்க்கிறது என்றார்கள். அந்தச் சொற்றொடரை முதலில் உருவாக்கியவர் கௌஸ். ஆனால் அவர் சொன்ன பொருள் நேர் எதிர். நாங்கள் குற்றவாளி ஆகாமல் போனது எங்கள் நல்ல குணத்தால் இல்லை, பிறந்த தேதியால்தான், அதனால் மார்தட்ட ஒன்றுமில்லை என்பதுதான் அவர் கருத்து.

கௌஸ் பிறந்தது 1929 நவம்பர், கோல் பிறந்தது 1930 ஏப்ரல். ஐந்து மாதம்கூட வித்தியாசம் இல்லை. ஒரே தலைமுறை, ஒரே சொல். ஒருவர் அதைச் சொன்னது தன்னையே கேள்வி கேட்டுக்கொள்ள, மற்றவர் வாயில் அது விடுதலைப் பத்திரம்போல ஒலித்தது. ஆரென்ட் எதிரிலும் க்ருண்ட்கென்ஸ் எதிரிலும் அவர் ஏன் நீதிபதிபோல உட்காரவில்லை என்பதற்கு எனக்கு இதில்தான் விடை கிடைத்தது. பத்து வருஷம் முந்திப் பிறந்திருந்தால் நான் என்ன செய்திருப்பேன் என்ற கேள்வி அவருக்குள் கடைசிவரை இருந்திருக்கிறது.

கொள்ளிடக்கரை எழுதியது:

நுண்ணலை, இதை எழுதாமல் இருந்துவிடாதீர்கள் இனிமேல். அருமை.

நீதிபதிபோல இல்லாமல் உட்காருவது என்று சொன்னீர்களே, அதன் கடினமான உதாரணம் ஒன்று உண்டு. 2001-இல் கௌஸுக்கு எழுபத்திரண்டு வயது. பேட்டித் தொடரைப் பல ஆண்டுகளாகப் பிராண்டன்பர்க் மாநிலத் தொலைக்காட்சியில் நடத்திக்கொண்டிருந்தார். புருக்ஸால் சிறைக்குப் போய் கிறிஸ்டியான் கிளாரை எதிரில் உட்காரவைத்தார். செம்படைப் பிரிவு என்ற ஆயுதக் குழுவைச் சேர்ந்தவர், கொலைகளுக்காக 1982-லிருந்து உள்ளே இருந்தவர். கௌஸ் குரலை உயர்த்தவில்லை. குற்ற உணர்வு, மனவருத்தம் பற்றிக் கேட்டார். அரசியல் வெளியில், எங்கள் போராட்டத்தின் பின்னணியில், இவை சொற்களே அல்ல என்கிற மாதிரிப் பதில் வந்தது. கொல்லப்பட்டவர்களின் குடும்பத்தார் பற்றிய இடத்தில், அவர்களுடைய உணர்வுகளை மதிக்கிறேன், ஆனால் எனதாக்கிக்கொள்ள மாட்டேன் என்றார். 2007-இல் கிளாருக்குப் பொதுமன்னிப்பு கொடுக்கலாமா என்ற விவாதம் நாட்டையே பிடித்தபோது இந்த வரிகளைத்தான் எல்லோரும் திரும்ப எடுத்தார்கள். மன்னிப்பு கிடைக்கவில்லை. அடுத்த ஆண்டு கடைசியில் தண்டனைக் காலக் கணக்குப்படி வெளியே வந்தார்.

ஒரு கூச்சலான கேள்வி அந்தப் பதிலை வரவழைத்திருக்காது என்பது என் நிச்சயமான எண்ணம். திட்டினால் அவர் கல்லாகியிருப்பார், இரக்கப்பட்டால் பூசி மெழுகியிருப்பார். நிதானமாகக் கேட்டதால் உள்ளே இருந்தது அப்படியே வெளியே வந்தது.

பழையபேப்பர் ஐயாவின் கேள்விக்கும் நான் ஓரளவு பதில் சொல்ல வேண்டும். கௌஸ் தன்னை ‘இடதுசாரிப் பழமைவாதி’ என்றார். அவருடைய நினைவுக் குறிப்புகளின் துணைத்தலைப்பிலேயே அது இருக்கிறது. நூலின் தலைப்பு ‘முரண்பாடுகள்’. 2004 மே மாதம் ஹம்பர்க்கில் அவர் இறந்த பிறகு, அந்த ஆண்டே வெளிவந்தது. அரசுப் பதவியிலிருந்து திரும்பியவர் ஆட்சியாளர்களுக்கு வேண்டியவராக மாறவில்லை. 1990-இல் இரண்டு ஜெர்மனிகளும் இணைந்த விதத்தைப் பற்றிச் சங்கடமான கேள்விகளைக் கேட்டார். ‘ஃப்ரைடாக்’ என்ற சிறிய வார இதழின் பதிப்பாளர்களில் ஒருவராக இருந்தார். அதனால் பழைய தலையங்கங்களின் மேல் விழுந்த சந்தேகம் போய்விடுமா? முழுதாகப் போகாது என்றே நானும் நினைக்கிறேன். அதையும் சேர்த்துத்தான் அவரை எனக்குப் பிடிக்கிறது.

பழையபேப்பர் எழுதியது:

இது நேர்மையான பதில். ஏற்றுக்கொள்கிறேன். 1991 அக்டோபரில் அவர் ஆங்கெலா மெர்கலை எடுத்த பேட்டியை நீங்கள் யாரும் குறிப்பிடவில்லை, அதையும் பாருங்கள். முப்பத்தேழு வயது, பெண்கள் மற்றும் இளைஞர் நலத்துறை அமைச்சர், கிழக்கில் வளர்ந்த இயற்பியல்காரர், பெரிய கேமரா அனுபவம் இல்லாதவர். பிற்காலத்தில் பதினாறு வருஷம் நாட்டை ஆளப்போகிறவர் என்று அப்போது யாருக்கும் தெரியாது. கௌஸுக்கும் தெரியாது. ஆனால் ஆடெனாவருக்குத் தயாரானதுபோலவே தயாராகி வந்திருக்கிறார். அதைப் பார்த்தபோது என் முப்பது வருஷத்தில் எத்தனை ‘சின்ன ஆட்களை’ பத்து நிமிஷத்தில் முடித்து அனுப்பியிருப்பேன் என்று எண்ணிப் பார்த்தேன். அவர் முடிக்கும்போது வழக்கமாகச் சொல்கிற வாசகம் அதிலும் வருகிறதா என்று கவனியுங்கள்: ‘கடைசியாக ஒரு கேள்விக்கு அனுமதியுங்கள்.’

டோர்ட்முண்ட்வாசி எழுதியது:

இந்த இழையைப் படித்துவிட்டுப் போன ஞாயிறு அப்பாவோடு உட்கார்ந்தேன். எழுபதைத் தாண்டிவிட்டார். ஃபிரீட்ரிக் ஷ்ட்ராஸ கதையைச் சின்ன வயதிலிருந்து நூறு தரம் கேட்டிருக்கிறேன், எப்போதும் ஒரே மாதிரித்தான் சொல்வார்: விமானம், பஸ், ரயில், வந்துவிட்டோம். இந்த முறை ‘ஏன் வந்தீர்கள்’ என்று கேட்காமல், அன்றைக்கு என்ன உடுப்புப் போட்டிருந்தீர்கள் அப்பா என்று மட்டும் கேட்டேன். அப்புறம் வாயை மூடிக்கொண்டேன்.

கொழும்பில் கூட்டாளி ஒருவர் கொடுத்த மெல்லிய கோட்டு என்றார். கை நீளம் காணாது, மணிக்கட்டு குளிரில் விறைத்துப்போனது என்றார். பிறகு ஒன்றும் பேசவில்லை. கொள்ளிடக்கரை அண்ணா, உங்கள் நெசவாளரை நினைத்துக்கொண்டு நானும் பேசவில்லை. குசினியில் அம்மா தேநீருக்குத் தண்ணீர் வைத்து, அது கொதித்து, இறக்கியும் ஆயிற்று. அப்பா மணிக்கட்டையே தடவிக்கொண்டிருந்தார். பிறகுதான் சொன்னார்:

“அந்தக் கோட்டுத் தந்தவன் ஆறு மாதம் கழித்து வருவதாக இருந்தது. அதற்குள் பாதையை அடைத்துப் போட்டாங்கள்.”